அஜந்தன் பெயரில் ஒரு செடி

பொழுதுக்காடு,
கலகெதர வழி.
12.01.2025

என் அன்புக்குரிய மருமகள் சர்மிளாவுக்கு,

இந்தக் கடிதம் பொங்கலுக்கு முன்னால் உன் கைக்குக் கிடைத்தால் அது தபால்காரரின் கெட்டித்தனம் என்று நினைத்துவிடாதே. கலகெதரக் கடைக்காரர் சுரேஸிடம், இது சாதாரண ஆள் எழுதிய கடிதமில்லை, முதல் பையிலேயே போக வேண்டும் என்று சொல்லிக் கொடுக்கப்போகிறேன். நான் எதைக் கொடுத்தாலும் அவர் எழுந்து நின்றுதான் வாங்குவார்.

உன் தாய்மாமன் நலம். இப்போதெல்லாம் என்னைக் கேட்காமல் பொழுதுக்காட்டில் ஒரு மொட்டும் விரிவதில்லை. நீ வெளியில் இருப்பவள், உனக்கு விளங்கும்படி சொல்கிறேன். பொழுது தானாகப் போகிறதென்று ஊரில் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். அது தானாகப் போகவில்லை. இங்கே முப்பத்திரண்டு பேர் செடிகளை வைத்து நடத்திக்கொண்டிருக்கிறோம். விடியலுக்குத் தாமரை, பத்துக்குப் பத்துமணிப்பூ, பின்னேரம் நாலுக்கு அந்திமந்தாரை, பொழுதுபட்டால் தொட்டாற்சுருங்கி. கடிகாரமும் போனும் வேலிக்கு அப்பால்தான். ஒரு செடிக்குத் தண்ணீர் தவறினால் அந்த மணி கண்டி நகருக்கு நொண்டிக்கொண்டுதான் வரும். போன மாதம் நீ வேலை செய்யும் புடைவைக் கடையில் ஒரு பின்னேரம் முடியாமல் இழுத்ததா, இல்லையா? எங்கள் ஆள் ஒருவர் காய்ச்சலில் படுத்த நாள் அது.

அதெல்லாம் பொதுச் செடி. தூரம் போகிறவர்களுக்கு ஆள்செடி என்று தனியாக உண்டு. போகிறவர் தன் கையால் நட்டுவிட்டுப் போக வேண்டும். அதன் பிறகு அவருடைய நாட்கள் அந்தச் செடிக்குள்ளால்தான் ஓடும். உன் வீட்டுக்காரர் அஜந்தன் நவம்பரில் மஸ்கட்டுக்குப் போக முன் நட்ட அந்திமந்தாரை என் பொறுப்பில் நிற்கிறது. நீ உன் பூச்சட்டியில் தோண்டி ஈரத்துணியில் சுற்றிக் கொடுத்த அதே கிழங்கு. அதற்குள் என் இடுப்புக்கு வந்துவிட்டது. இந்தக் கைராசியைப் பார்த்துத்தான் தலைவர் பொன்னையா என்னை நாலாம் வரிசைக்கே அதிபதியாக்கினார். பேராதனைப் பக்கமிருந்து கண்ணாடி போட்ட ஒரு பேராசிரியர் வந்து, இலைக்கு என்ன போடுகிறீர்கள் என்று என்னைக் கெஞ்சினார். நான் சொல்லவில்லை.

பார்க்க வர உனக்கு ஆசையாக இருக்கும். வரக் கூடாது. ஆள்செடி மண்ணில் இருக்கும்வரை வீட்டார் அதைப் பார்க்கக் கூடாது, காப்பவனும் சும்மா அவர்களைப் போய்ப் பார்க்கக் கூடாது. பார்த்தால் செடி ஆளை விட்டு வீட்டுப் பக்கம் சாய்ந்துவிடும். கடிதம் எழுதலாம். இரண்டு ஞாயிற்றுக்கு ஒருமுறை உப்பும் கருவாடும் வாங்கக் கலகெதரைக்கு இறங்குவேன். அப்போது சுரேஸ் கடையில் எடுத்துக்கொள்கிறேன்.

மாமா
ராஜலிங்கம்


மகியாவ, கண்டி.
24.02.2025

அன்புள்ள மாமாவுக்கு,

கடையில் மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் எழுதுகிறேன். நீட்டி எழுத முடியாது.

அவர் வெள்ளிக்கிழமை தவறாமல் எனக்குப் போன் எடுப்பார். பதினான்காம் திகதி எடுக்கவில்லை. இருபத்தோராம் திகதியும் எடுக்கவில்லை. நான் எடுத்தால் அரபியில் ஒரு பெண் ஏதோ சொல்கிறாள், அவ்வளவுதான். ஜனவரிக் கடைசியில் பழைய முதலாளியை விட்டுவிட்டுக் கட்டட வேலைக்குப் போவதாகச் சொன்னார். பாஸ்போட் பழைய இடத்தில் மாட்டிக்கொண்டிருக்கிறதாம். புது இடத்தின் பெயரைக் கேட்டேன். இரண்டு முறையும் பிறகு சொல்கிறேன் என்றார். வெளிநாட்டு வேலைக்கு அனுப்பும் அலுவலகத்தில் எழுதிக் கொடுத்தேன். பொறுத்திருக்கச் சொன்னார்கள்.

செடி எப்படி இருக்கிறது மாமா? பேராசிரியர் கதையெல்லாம் வேண்டாம். நிற்கிறதா இல்லையா என்று ஒரு வரி எழுதுங்கள். நான் அதை வைத்துக்கொண்டு இருப்பேன்.

சர்மிளா


பொழுதுக்காடு
02.03.2025

மருமகள் சர்மிளாவுக்கு,

நிற்கிறதா என்றா கேட்கிறாய்! நேற்று கிளை பாரம் தாங்காமல் இரண்டு பக்கமும் முட்டுக் கொடுத்தேன். போன கிழமை ஒரு சிறுத்தை வேலிக்குள் வந்தது. மற்றவர்கள் மரத்தில் ஏறிவிட்டார்கள், நான் அசையவில்லை. அது மாப்பிள்ளையின் செடியை ஒருமுறை முகர்ந்து பார்த்துவிட்டு, கோயிலுக்கு வந்து போகிற ஆள் மாதிரி பின்பக்கமாகவே நடந்து போனது. அப்படியாப்பட்ட செடி.

போன் என்பது கண்ணாடித் துண்டு. விழும், உடையும், கடலுக்குள் போகும். அதை நம்பி ஒரு பெண் சாப்பிடாமல் இருப்பதா? செடி பொய் சொல்லாது. மாப்பிள்ளை நல்ல சுகம். இன்னும் சொல்லப்போனால் கொஞ்சம் சதை போட்டிருப்பார். அடித்தண்டு அப்படித்தான் காட்டுகிறது.

நேரத்துக்குச் சாப்பிடு.

மாமா
ராஜலிங்கம்


மகியாவ
23.03.2025

அன்புள்ள மாமாவுக்கு,

உங்கள் கடிதத்தை நாலாக மடித்துப் பையில் வைத்திருக்கிறேன். மடித்த இடம் கிழியத் தொடங்கிவிட்டது. வெள்ளிக்கிழமைகளில் எடுத்துப் பார்ப்பேன்.

எங்கள் முதலாளி ஸெய்னுலாப்தீன் ஹாஜியார் அக்குறணையிலிருந்து தினமும் வருகிறவர். அவருடைய மருமகன் ரிஸ்மி மஸ்கட்டில் லொறி ஓட்டுகிறார். போன செவ்வாய் ஹாஜியார் என்னைக் கூப்பிட்டு, "மகள், புருஷன்ட போட்டோ ஒண்டு தாங்க. ரிஸ்மி ஆஸ்பத்திரி, ஜெயில் எல்லா எடத்திலயும் கேட்டுப் பாப்பான்" என்றார். நல்ல மனதோடுதான் சொன்னார். ஆனால் ஆஸ்பத்திரி, ஜெயில் என்று அவர் சொன்னது எனக்குப் பிடிக்கவில்லை. வேண்டாம் ஹாஜியார், அவருடைய செடி பூவும் காயுமாக நிற்கிறது, அவருக்கு ஒன்றுமில்லை என்றேன். அவர் சிரிக்கவில்லை. சரி மகள் என்று சொல்லிவிட்டுப் புடைவையை மடிக்கத் தொடங்கினார்.

நான் சொன்னது சரிதானே மாமா? தேட வெளிக்கிட்டால் அவரை நானே தொலைந்தவராக்கிவிடுவேன் போல இருக்கிறது. நீங்கள் இருக்கும்போது எதற்குத் தேட வேண்டும்?

சர்மிளா


பொழுதுக்காடு
06.04.2025

அன்பு மருமகளுக்கு,

உன் கடிதத்தைப் பலமுறை படித்தேன். எழுத்து வர வர அழகாகிறது. உன் அம்மாவுக்கும் எனக்கும் உள்ள எழுத்து அது. நான் எட்டாம் வகுப்போடு நிற்காமல் இருந்திருந்தால் இன்றைக்கு நீதவானாக இருந்திருப்பேன் என்று எங்கள் வாத்தியார் சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தார்.

ஹாஜியார் விசயம். அவர் பெரிய மனிதர். பெரிய மனிதர் ஒன்று கேட்டால் மறுப்பது அவ்வளவு மரியாதையில்லை. ஒரு போட்டோதானே, கொடுத்தால் தேய்ந்தா போகும்? ரிஸ்மியும் சும்மாதானே லொறியில் சுற்றுகிறார். செடிக்காகச் சொல்லவில்லை. செடிக்கு ஒன்றுமில்லை. மரியாதைக்காகச் சொல்கிறேன். யோசித்துப் பார்.

புதுவருசத்துக்கு இங்கே பெரிய விருந்து. முந்நூறு பேருக்கு நான்தான் மேற்பார்வை. வேறு என்ன. இங்கே வெயில் கூடுதல்.

மாமா
ராஜலிங்கம்


மகியாவ
25.05.2025

அன்புள்ள மாமாவுக்கு,

போட்டோ கொடுக்கவில்லை. நீங்கள் மரியாதைக்காகத்தான் என்று எழுதியிருந்தீர்கள். மரியாதைக்காக அவருடைய முகத்தை ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாகக் காட்ட எனக்கு மனமில்லை.

ஆனால் இந்த மாதம் என்னால் முடியவில்லை. மூன்றரை மாதமாகிவிட்டது. பஸ்ஸில் எனக்குப் பக்கத்தில் யாராவது பலமாகப் போன் பேசினால் இறங்கி நடந்து விடுகிறேன். போன கிழமை முழுக்கக் காரணமில்லாமல் அழுகை வந்தது. சில நாள் உங்கள் காடே பொய்யோ என்று நினைக்கிறேன். பிறகு அப்படி நினைத்ததற்காக அவருக்கு ஏதாவது நடந்துவிடுமோ என்று பயம்.

ஒரு உதவி செய்யுங்கள். பின்னேரம் நாலு மணிக்கு அந்தச் செடி எப்படி இருக்கிறதென்று எனக்கு எழுதுங்கள். நான் கண்ணால் பார்க்கிற மாதிரி. எவ்வளவு நீளமானாலும் பரவாயில்லை.

சர்மிளா


பொழுதுக்காடு
08.06.2025

அன்பு மருமகளுக்கு,

காடு பொய்யென்று சொல்லாதே. இங்கே இருக்கிற எல்லாவற்றிலும் அதுதான் பொய்யில்லாதது.

நாலு மணியைக் கேட்டாயே, எழுதுகிறேன். மூன்றே முக்காலுக்கு வரிசையெல்லாம் சத்தமில்லாமல் போகும். குருவி கூடப் பறக்காது. மொட்டுகள் குடை மாதிரி முறுக்கிக்கொண்டிருக்கும். முதலில் ஒன்று தளரும். நான் தலையசைத்தால்தான் மற்றது தளரும். அப்புறம் ஒரே நேரத்தில் நூறு, இருநூறு. வெள்ளை என்றால் அப்படி ஒரு வெள்ளை. கறந்த பால் தோற்றது. மாலை இருட்டில் அந்த வெள்ளை வெளிச்சத்தில் நான் ஊசியில் நூல் கோப்பேன். வாசம் கீழே கலகெதர வரைக்கும் போகிறது, பஸ்காரர்கள் யன்னலைத் திறந்துவைத்துக்கொண்டு ஓட்டுகிறார்கள். மாப்பிள்ளையின் மனசு அது. உன்னை நினைக்கிற நேரத்தில்தான் விரிகிறது.

இதை வைத்துக்கொண்டு நிம்மதியாக இரு.

மாமா
ராஜலிங்கம்


மகியாவ
01.07.2025

மாமா,

நான் கொடுத்த கிழங்கு கருஞ்சிவப்பு. கலியாணம் முடிந்து மகியாவைக்கு வந்த வருடம் நான் வைத்த செடி. ஏழு வருடத்தில் ஒரு பூ கூட வேறு நிறத்தில் வந்ததில்லை. தாய்ச்செடி இன்னும் என் வாசலில் நிற்கிறது. உங்கள் கடிதம் வந்த அன்றும் சிவப்பாகத்தான் பூத்தது.

கடிதத்தைப் படித்துவிட்டு அப்படியே கடைக்குப் போய் ஹாஜியாரிடம் போட்டோவைக் கொடுத்தேன். அவர் அப்போதே அதை ரிஸ்மிக்கு அனுப்பினார். ஒன்பதாம் நாள் ரிஸ்மி போன் எடுத்தார். ஒன்பது நாள், மாமா.

என் வீட்டுக்காரர் பெப்ரவரி பதினோராம் திகதி கட்டடச் சாரத்திலிருந்து விழுந்திருக்கிறார். தலையில் அடி. யாரோ வாகனத்தில் கொண்டுவந்து ஆஸ்பத்திரி வாசலில் இறக்கிவிட்டுப் போயிருக்கிறார்கள். கையில் ஒரு கடதாசியும் இல்லை. பேச்சு வரவில்லை. கட்டில் நம்பரைத்தான் பெயராக எழுதி வைத்திருந்தார்கள். ஒரு தாதி ரிஸ்மியிடம் சொன்னாராம், கண் திறந்துதான் இருந்தார், யாராவது உள்ளே வந்தால் கதவுப் பக்கம் பார்ப்பார் என்று. மே மாதம் பத்தொன்பதாம் திகதி வரைக்கும் பார்த்திருக்கிறார். அங்கேயே அடக்கம் செய்துவிட்டார்கள்.

ஹாஜியார் போட்டோ கேட்டது மார்ச் மாதம். நான் வேண்டாம் என்று சொன்னபோது அவர் உயிரோடு இருந்தார்.

செடிக்கு என்ன நடந்தது?

சர்மிளா


கலகெதர
13.07.2025

சர்மிளாவுக்கு,

சுரேஸ் கடைக்குப் பின்னாலிருந்து எழுதுகிறேன். காட்டை விட்டு வந்துவிட்டேன். போகச் சொல்லிவிட்டார்கள்.

நாலாம் வரிசைக்கு நான் அதிபதி இல்லை. அங்கே நான் சமையல். பதினோரு வருடமும் சமையல்தான். உன் வீட்டுக்காரரின் செடி என் சொந்தக்காரருடையது என்பதால் தண்ணீர் ஊற்ற விட்டார்கள். எனக்கென்று இருந்தது அந்த ஒரு செடிதான்.

பெப்ரவரி பன்னிரண்டாம் திகதி காலையில் போனேன். முதல்நாள் ஊற்றிய ஈரம் அப்படியே கிடந்தது. செடி மட்டும் தரையோடு சாய்ந்து கிடந்தது. பூச்சியும் இல்லை, பன்றி கிண்டவும் இல்லை. ஆள் போய்விட்டார் என்று நினைத்தேன். அந்தச் செய்தியை உன் வாசலில் வந்து சொல்ல எனக்குக் கால் வரவில்லை. ஒரே செடியையும் சாகவிட்டவன் என்று காட்டில் சொல்வார்கள் என்ற பயமும் இருந்தது. எது கூடுதல் என்று கேட்காதே. நானே கேட்டுப் பார்த்துவிட்டேன்.

யாரும் எழும்ப முன் அதைப் பிடுங்கிக் குசினிக்குப் பின்னால் சாம்பல் கொட்டுகிற இடத்தில் எறிந்தேன். கலகெதர ரோட்டோரத்தில் வளர்ந்து நின்ற ஒன்றைக் கொண்டுவந்து நட்டேன். வெள்ளை என்று பூத்த பிறகுதான் தெரிந்தது. உனக்கு எழுதும்போது நிறத்தை நான் யோசித்தே பார்க்கவில்லை.

இதையும் சொல்ல வேண்டும். எறிந்த கிழங்கு மார்ச் மாதம் முளைத்தது. சாம்பலுக்குள்ளிருந்து. நான் தினமும் அடுப்புச் சாம்பல் கொட்டப் போகும்போது பார்த்தேன். இரண்டு மூன்று சிவப்புப் பூ கூட வந்தது. அதன் இடத்தில் மற்றது நின்றதால் எடுத்து நட முடியவில்லை, நட்டால் யாராவது கேட்பார்கள். தண்ணீர் ஊற்றினேனா என்றால், இரண்டொரு முறை, பாத்திரம் கழுவின தண்ணீர். மே கடைசிக்குள் காய்ந்துவிட்டது.

உன் கடிதம் வந்த பிறகு பொன்னையாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் கோபப்படவில்லை. "சாஞ்சா செத்ததுன்னு ஒனக்கு யாரு சொன்னா?" என்று கேட்டார். "கெழங்கு இருக்கிற செடி படுக்கும், எந்திரிக்கும். செடி படுத்தா அன்னைக்கே வீட்டுக்குப் போயி, ஒங்க ஆளத் தேடுங்கன்னு சொல்லணும். அதுக்குத்தானே ஆள்செடி வைக்கிறோம். வேற எதுக்குன்னு நெனச்ச?"

பதினோரு வருடம் அங்கே இருந்தும் எனக்கு அது தெரியாது. தெரியும் என்று எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தேன்.

மன்னிப்புக் கேட்க எனக்கு வாயில்லை. கேட்டால்

இதற்கு மேல் எழுத வரவில்லை.

ராஜலிங்கம்


மகியாவ
10.08.2025

மாமா,

ஒரு மாதம் உங்களுக்கு எழுதுவதில்லை என்று இருந்தேன். மன்னிப்பைப் பற்றி இனியும் எழுதாதீர்கள். என்னிடம் அது இருக்கிறதா என்று நான் தேடிப் பார்க்கவில்லை. இப்போதைக்குத் தேடப் போவதுமில்லை.

ரிஸ்மி அவருடைய பொருட்களை அனுப்பியிருந்தார். ஒரு சேர்ட், உடைந்த போன், இடுப்புப் பட்டி. சேர்ட்டைக் கழுவித்தான் அனுப்பியிருக்கிறார்கள். முப்பத்தோராம் நாள் காரியத்தை இங்கே முடித்துவிட்டேன். உங்களுக்கு அறிவிக்கவில்லை.

நான் எழுதுவது வேறு விசயத்துக்கு. கலியாணமான நாளிலிருந்து அவரைப் பற்றி நீங்கள் எத்தனையோ கதை சொல்லியிருக்கிறீர்கள். மகாவலி வெள்ளத்தில் மாட்டைக் காப்பாற்றினார், இன்ஸ்பெக்டரை எதிர்த்துப் பேசினார். அப்போது நாங்கள் இரண்டு பேரும் சிரிப்போம். இப்போது கண்ணை மூடினால் உங்கள் கதையில் வருகிறவர்தான் வருகிறார். மாட்டை இழுத்துக்கொண்டு வருகிறார். எது அவர், எது நீங்கள் என்று எனக்குப் பிரிக்கத் தெரியவில்லை. அவரையும் எடுத்துவிட்டீர்கள், மாமா.

கிழங்கை நட வந்த நாள், நவம்பர் பதினேழு, அவர் வீட்டுக்கு வந்து ஒன்றும் பேசாமல் படுத்துக்கொண்டார். களைப்பென்று நினைத்தேன். மூன்றாம் நாள் விமானம். அன்று பகல் முழுக்க உங்களோடுதான் இருந்தார். அன்று என்ன நடந்ததென்று எனக்கு எழுதுங்கள். நடந்ததை மட்டும். ஒரு சொல் கூடினாலும் எனக்குத் தெரிந்துவிடும்.

சர்மிளா


கலகெதர
24.08.2025

சர்மிளாவுக்கு,

மூன்று முறை எழுதிக் கிழித்தேன். ஒவ்வொரு முறையும் ஏதாவது கூடிவிட்டது. இதில் கூடவில்லை.

பத்து மணிக்கு வந்தார். கிழங்கை நட ஐந்து நிமிடம் போனது. கை கழுவினார், நகத்துக்குள் இருந்த மண் போகவில்லை, குச்சியால் எடுத்தார். கஞ்சி கொடுத்தேன். பாதி குடித்தார். மிச்சத்தை என்ன செய்வதென்று கேட்டார், வைத்துவிட்டு வரச் சொன்னேன். கொஞ்ச நேரம் குசினித் திண்டில் சரிந்திருந்தார். நித்திரை கொள்ளவில்லை.

இரண்டு மணிபோல இறங்கினோம். தூறல். குடையில்லை. ஒரு இடத்தில் வழுக்கினார், விழவில்லை.

கலகெதரையில் கண்டி பஸ் பிந்திவிட்டது. தரிப்பிடத்து வாங்கில் இருந்தோம். கச்சான் கடலை வாங்கி எனக்குப் பாதி தந்தார். தோலைக் கீழே போடாமல் சேர்ட் பையில் போட்டுக்கொண்டார். எதிரில் ஒரு தையல்கடை, அதில் ஓடிய ரேடியோவைக் கேட்டுக்கொண்டிருந்தோம். பிறகு, "மாமா, எனக்குப் போக மனசில்ல" என்றார்.

"போகாம என்ன செய்யப் போறீங்க மாப்பிள்ள?" என்று கேட்டேன். பதிலுக்குப் பொறுக்கவில்லை. நான் இளம் வயதில் கொழும்புத் துறைமுகத்தில் கப்பல் ஏறப்போன கதையைத் தொடங்கினேன். அப்படி ஒன்று நடக்கவில்லை. நான் துறைமுகத்தைக் கண்டதில்லை. அவர் கேட்டார். சிரிக்க வேண்டிய இடத்தில் சிரித்தார். நடுவில் இரண்டு தடவை "மாமா" என்று கூப்பிட்டார். இருங்கள், முக்கியமான இடம் இனித்தான் வருகிறது என்று கையைக் காட்டினேன்.

பஸ் வந்தது. பின் சீட்டில் இடம் கிடைத்தது. யன்னலால் தலையை நீட்டி ஏதோ சொன்னார். நான் கதையின் முடிவைச் சொல்லிக்கொண்டே பஸ்ஸோடு நடந்தேன். அவர் சொன்னது எனக்குக் கேட்கவில்லை.

ராஜலிங்கம்